தளர்ந்த இதயத்துக்கு ஒரு கைமாற்று

(நம் குடியிருப்பின் மூத்த குடிமக்கள் மாதாந்திரக் கூட்டத்தில் பேசியது. வர முடியாதவர்கள் கேட்டுக்கொண்டதால் செய்திமடலுக்காக எழுத்து வடிவில்.)



முதலிலேயே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். நான் டாக்டர் இல்லை. பி.காம். படித்து, வங்கியில் கிளார்க்காக வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். யாருக்கும் வைத்தியம் சொல்ல நான் இங்கே நிற்கவில்லை. எந்த மருந்தையும் டாக்டரைக் கேட்காமல் கூட்டவோ குறைக்கவோ நிறுத்தவோ கூடாது. இந்த ஒரு வரியை மட்டும் மறக்காமல் மற்றதைக் கேளுங்கள்.

ஐ.சி.யு. வாசலில் நின்ற அனுபவம் இங்கே பல பேருக்கு இருக்கும். டாக்டர் வெளியே வந்து, "ஹார்ட் பம்பிங் குறைவா இருக்கு, ஐனோட்ரோப் சப்போர்ட்டில் வைத்திருக்கிறோம்" என்பார். நாம் தலையாட்டுவோம். அவர் உள்ளே போனதும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்போம். அந்தச் சொல்லுக்கு என்ன பொருள், அந்த மருந்து உள்ளே என்ன செய்கிறது, எவ்வளவு நாள் செய்யும் என்று தெரிந்திருந்தால், அடுத்து எடுக்க வேண்டிய முடிவுகளைக் கொஞ்சம் தெளிவாக எடுக்கலாம். அதற்காகத்தான் இந்தப் பேச்சு.

முதலில் மூன்று சொற்களைப் பிரித்து வைத்துக்கொள்வோம். மாரடைப்பு என்பது இதயத்துக்கே ரத்தம் கொண்டுபோகும் குழாய் அடைத்துக்கொள்வது. இதய நிறுத்தம் என்பது துடிப்பே நின்றுபோவது. இதயச் செயலிழப்பு, அதாவது ஹார்ட் ஃபெயிலியர் என்பது, இதயம் துடித்துக்கொண்டுதான் இருக்கிறது, ஆனால் உடம்பு கேட்கிற அளவு ரத்தத்தை அதனால் அனுப்ப முடியவில்லை என்பது. கால் வீங்கும், படுத்தால் மூச்சு வாங்கும், நாலு படி ஏறினால் உட்காரத் தோன்றும்.

கணக்கு பார்த்தால் இன்னும் தெளிவாகும். ஓய்வாக இருக்கும்போது நிமிடத்துக்கு 70 துடிப்பு, துடிப்புக்கு 70 மில்லி ரத்தம் என்று வைத்துக்கொள்ளுங்கள். நிமிடத்துக்கு ஏறக்குறைய 5 லிட்டர். இதயத்தின் இடது கீழறையில் 120 மில்லி நிரம்பி, அதில் 70 மில்லி வெளியே போனால், அது 58 சதவீதம். எக்கோ ரிப்போர்ட்டில் ஈ.எஃப். என்று ஒரு எண் போட்டிருப்பார்களே, அது இதுதான். 55-க்கு மேல் இருந்தால் பொதுவாக நல்லது. 40-ம் அதற்குக் கீழும் என்றால் பம்பிங் குறைவு. யாருக்கும் 100 இருக்காது. ஆகவே 60 என்று பார்த்துவிட்டு, "40 சதவீதம் போய்விட்டதே" என்று யாரும் பயப்பட வேண்டாம்.

ஐனோட்ரோப் என்ற சொல் கிரேக்க மொழியிலிருந்து வந்தது. தசைநாரின் போக்கை மாற்றுவது என்று சொல்லலாம். நாம் பேசுவது தசை சுருங்கும் வேகத்தையும் பலத்தையும் கூட்டும் மருந்துகளைப் பற்றி. அவை எப்படிக் கூட்டுகின்றன என்பதற்கு ஒரே வார்த்தையில் பதில் உண்டு: கால்சியம்.

இதைக் கண்டுபிடித்த கதை நம்மைப் போல் உப்புத் தண்ணீரோடு போராடுகிறவர்களுக்குப் பிடிக்கும். 1880-களின் தொடக்கத்தில் லண்டன் யுனிவர்சிட்டி காலேஜில் சிட்னி ரிங்கர் என்ற டாக்டர், தவளையின் இதயத்தை உப்புக் கரைசலில் வைத்து ஆராய்ந்துகொண்டிருந்தார். இதயம் நன்றாகத் துடித்தது. பிறகுதான் தெரிந்தது, அவருடைய உதவியாளர் காய்ச்சி வடித்த நீருக்குப் பதிலாகக் குழாய்த் தண்ணீரில் கரைசலைச் செய்திருக்கிறார் என்று. சுத்தமான நீரில் செய்து பார்த்தால் துடிப்பு தளர்ந்து நின்றுபோனது. குழாய்த் தண்ணீரில் இருந்த கால்சியம்தான் இதயத்தை ஓட்டியிருக்கிறது. நம் பக்கெட்டில் வெள்ளையாகப் படிகிறதே, அதே கால்சியம். ஆஸ்பத்திரியில் 'ஆர்.எல்.' என்று ஒரு டிரிப்ஸ் பாட்டில் மாட்டுவார்களே, அந்த 'ஆர்' இந்த ரிங்கரின் பெயர்தான்.

ஒவ்வொரு துடிப்புக்கும் முன்னால் ஒரு சிறிய மின் அலை இதயத் தசையில் பரவுகிறது. அப்போது தசைச் செல்லுக்குள் கொஞ்சம் கால்சியம் நுழைகிறது. அந்தக் கொஞ்சம் போய், செல்லுக்குள்ளேயே இருக்கும் ஒரு கிடங்கைத் திறந்துவிடுகிறது. அங்கிருந்து நிறைய கால்சியம் வெளியே வந்து டிரோபோனின் என்ற புரதத்தில் ஒட்டுகிறது. மாரடைப்பு சந்தேகம் வந்தால் ரத்தத்தில் பார்க்கிறார்களே, அதே டிரோபோனின். கால்சியம் ஒட்டியதும் தசையிழைகள் ஒன்றின் மேல் ஒன்று சறுக்கித் தசை சுருங்குகிறது. பிறகு கால்சியத்தைத் திரும்பக் கிடங்குக்கு ஏற்ற வேண்டும். அப்போதுதான் தசை தளர்ந்து, இதயம் மறுபடி நிரம்பும். இப்படி ஏற்றுவதற்குச் சக்தி செலவாகும். இந்தச் செலவை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு வருகிறேன்.

உடனே கால்சியம் மாத்திரை சாப்பிட்டால் இதயம் பலப்படுமா என்று கேட்கத் தோன்றும். படாது. ரத்தத்தில் இருக்கும் கால்சியம் வேறு, செல்லுக்குள் துடிப்புக்குத் துடிப்பு வந்துபோகும் கால்சியம் வேறு. பெட்டகத்தில் பணம் இருப்பதும் கவுண்டரில் பணம் நடமாடுவதும் ஒன்றல்ல, அதுபோல.

ஐ.சி.யு.வில் நாம் அதிகம் கேட்கும் பெயர் டோபுட்டமின். நம் உடம்பே பயம், கோபம், ஓட்டம் என்று வரும்போது அட்ரினலின் சுரக்கிறது. அது இதயத்தின் மேல் இருக்கும் 'பீட்டா' என்ற பொத்தானை அழுத்துகிறது. டோபுட்டமின் அழுத்துவதும் அதே பொத்தானைத்தான். செல்லுக்குள் சைக்ளிக் ஏ.எம்.பி. என்ற தூதுப் பொருள் கூடுகிறது, கால்சியத்தின் வாசல் அகலத் திறக்கிறது, துடிப்பு பலமாகிறது. மில்ரினோன் என்று இன்னொன்று உண்டு. அது பொத்தானைத் தொடுவதில்லை. அந்தத் தூதுப் பொருளைச் சிதைக்கும் நொதியைத் தடுத்துவிடுகிறது. ரத்தக் குழாய்களையும் அது விரிக்கும். லெவோசிமென்டான் மூன்றாவது வகை. கால்சியத்தைக் கூட்டாமல், இருக்கிற கால்சியத்துக்கே டிரோபோனின் நன்றாக இசைந்து கொடுக்கும்படி செய்கிறது. ஒரு நாள் முழுக்க மெதுவாகச் செலுத்தினால் பலன் பல நாட்கள் நிற்கும்.

இவற்றோடு நார் அட்ரினலின் என்ற பெயரும் காதில் விழும். அதன் முக்கிய வேலை ரத்தக் குழாய்களை இறுக்கிப் பி.பி.யை ஏற்றுவது. செடிக்குத் தண்ணீர் விடும் டியூபின் வாயைக் கட்டை விரலால் அழுத்தினால் வேகம் கூடுகிறதே, அதுபோல. வேகம் கூடியதால் தண்ணீர் அதிகம் வருகிறது என்று பொருள் இல்லை. டோபமின் ஒரு காலத்தில் மிகப் பரவலாகப் பயன்பட்டது. 2010-ல் வெளியான ஓர் ஆய்வில் 1,679 அதிர்ச்சி நிலை நோயாளிகளில் இந்த இரண்டையும் ஒப்பிட்டார்கள். டோபமின் பெற்றவர்களுக்கு இதயத் துடிப்புக் கோளாறு ஏறக்குறைய இரண்டு மடங்கு வந்தது. அதற்குப் பிறகு அதன் உபயோகம் நிறையக் குறைந்துவிட்டது.

மருந்து எவ்வளவு போகிறது என்றும் பார்ப்போம், கணக்கு எனக்குப் பழக்கம். 60 கிலோ எடையுள்ள ஒருவருக்கு டோபுட்டமின், கிலோவுக்கு நிமிடத்துக்கு 5 மைக்ரோகிராம் என்றால் நிமிடத்துக்கு 300 மைக்ரோகிராம், மணிக்கு 18 மில்லிகிராம். 250 மில்லிகிராம் மருந்தை 50 மில்லி சிரிஞ்சில் கலந்தால், மணிக்கு 3.6 மில்லிதான் போகிறது. ஒரு டீஸ்பூன்கூட இல்லை. கையால் சொட்டு எண்ணி இதைச் செலுத்த முடியாது. அதனால்தான் கட்டில் ஓரத்தில் அந்தச் சிரிஞ்ச் பம்ப். டோபுட்டமின் ரத்தத்தில் சுமார் இரண்டு நிமிடத்தில் பாதியாகிவிடும். ஆகவே பம்ப் நின்றால் பலனும் சில நிமிடங்களில் நின்றுவிடும். உள்ளே பார்க்கப் போகும்போது பம்பில் அலாரம் அடித்தால் நாமே பொத்தானை அழுத்திச் சத்தத்தை நிறுத்தக் கூடாது. நர்ஸைக் கூப்பிடுங்கள்.

இந்த வகையில் மாத்திரையாக நம் வீடுகளில் இருப்பது டிகாக்சின். இதற்குத்தான் வயது அதிகம். 1775-ல் இங்கிலாந்தின் ஷ்ராப்ஷயரில் ஒரு மூதாட்டி, உடம்பு நீர்கோத்து வீங்கும் நோய்க்குக் கைமருந்து கொடுத்து வந்தார். இருபதுக்கும் மேற்பட்ட மூலிகைகள் சேர்ந்த ரகசிய மருந்து அது. வில்லியம் விதரிங் என்ற டாக்டர் அதை ஆராய்ந்து, வேலை செய்வது ஃபாக்ஸ்கிளவ் என்ற ஊதாப்பூச் செடிதான் என்று கண்டார். 1785-ல் புத்தகமாகவே எழுதினார். அதிகமானால் வாந்தி வரும், பார்வை மாறும், நாடி மிக மெதுவாகும் என்பதையும் அவரே எழுதி வைத்தார். மருந்துக்கும் விஷத்துக்கும் நடுவே இதில் இடைவெளி மிகக் குறைவு. சிறுநீரகம் தளர்ந்தால், அல்லது ரத்தத்தில் பொட்டாசியம் குறைந்தால், வழக்கமான அளவே அதிகமாகிவிடும். டிகாக்சின் சாப்பிடுகிறவருக்குத் திடீரென்று பசி போய், குமட்டி, பார்ப்பதெல்லாம் மஞ்சளாகத் தெரிந்தால் அஜீரணம் என்று இஞ்சிச்சாறு கொடுத்துக்கொண்டிருக்காதீர்கள். டாக்டருக்கு உடனே போன் செய்யுங்கள். சிலருக்கு வாரத்தில் ஐந்து நாள்தான் சாப்பிடச் சொல்லியிருப்பார்கள். விட்டுப்போன இரண்டு நாளையும் சேர்த்துப் போடுவது ஆபத்து.

நம் ஊர் அரளியிலும் இதே குடும்பத்தைச் சேர்ந்த பொருட்கள் இருக்கின்றன, செவ்வரளி, மஞ்சள் அரளி இரண்டிலும். இலங்கையில் மஞ்சள் அரளி விஷத்துக்கு, டிகாக்சினுக்காக உண்டாக்கிய முறிவு மருந்தையே கொடுத்துப் பலன் கண்டிருக்கிறார்கள். தோட்டக் குழுவுக்கு ஒரு வேண்டுகோள்: குழந்தைகள் விளையாடும் இடத்தை ஒட்டி அரளி வேண்டாம்.

இனி முக்கியமான கட்டத்துக்கு வருகிறேன். துடிப்பைப் பலப்படுத்துவது நல்லது என்றால், இந்த மருந்துகளை மாத்திரையாக வருடக் கணக்கில் கொடுத்தால் என்ன? இதே கேள்வியை ஆராய்ச்சியாளர்களும் கேட்டார்கள். தீவிர இதயச் செயலிழப்பு உள்ள 1,088 பேரை வைத்து, ஒரு பாதிக்கு மில்ரினோன் மாத்திரை கொடுத்துப் பார்த்தார்கள். 1991-ல் முடிவு வந்தது. மருந்து சாப்பிட்டவர்களில் மரணம் 28 சதவீதம் அதிகம். டிகாக்சினுக்கு 6,800 பேரில் நடந்த ஆய்வு 1997-ல் வந்தது. ஆஸ்பத்திரியில் சேருவது குறைந்தது. ஆயுள் கூடவும் இல்லை, குறையவும் இல்லை.

ஏன் இப்படி? முன்னே சொன்ன செலவுதான் காரணம். கால்சியம் அதிகமாக நடமாடினால் இதயத்துக்குப் பிராணவாயு அதிகம் வேண்டும், சக்தி அதிகம் செலவாகும், துடிப்பின் ஒழுங்கும் கெடலாம். ஐனோட்ரோப் என்பது ஒரு கைமாற்று. அவசரத்துக்கு வாங்கலாம். மானம் காக்கும், உயிரையே காக்கும். ஆனால் அது வருமானம் ஆகாது. கைமாற்றிலேயே குடும்பம் நடத்தினால் என்ன ஆகும் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

அப்படியானால் வருமானம் எது? பல காலம் இதயச் செயலிழப்பில் கொடுக்கவே கூடாது என்று ஒதுக்கி வைத்திருந்த பீட்டா பிளாக்கர் மருந்துகள். டோபுட்டமின் அழுத்தும் அதே பொத்தானை இவை மூடி வைக்கின்றன. 1975-ல் ஸ்வீடனில் ஃபின் வாக்ஸ்டைன் என்ற டாக்டரும் அவர் குழுவினரும், ஏழே நோயாளிகளிடம் இவை நன்மை செய்ததாக எழுதினார்கள். நம்பியவர்கள் குறைவு. 1999-ல் வந்த இரண்டு பெரிய ஆய்வுகளில் பைசோப்ரோலாலும் மெட்டோப்ரோலாலும் மரணத்தை ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு குறைத்தன. தளர்ந்த இதயத்தை விரட்டாமல் செலவைக் குறைக்கச் சொன்னால், மெல்ல மெல்ல அது தன் பலத்தைத் திரும்பப் பெறுகிறது. "ஹார்ட் வீக்காக இருக்கிறவருக்கு ஹார்ட்டை மெதுவாக்குகிற மாத்திரையா?" என்று பக்கத்து வீட்டில் யாராவது சொன்னால், அதைக் கேட்டு நிறுத்திவிடாதீர்கள். திடீரென்று நிறுத்துவதே ஆபத்து.

என் மைத்துனர் விஷயத்தைச் சொல்கிறேன், குடும்பத்தாரைக் கேட்டுவிட்டுத்தான் சொல்கிறேன். அவருக்கு ஈ.எஃப். 25. ஒரு சளிக் காய்ச்சலில் ஆரம்பித்து நிலைமை மோசமாகி ஐ.சி.யு.வில் டோபுட்டமின் போட்டார்கள். மூன்றாம் நாள் திரையில் பி.பி. 112-க்கு 70. எங்கள் எல்லோருக்கும் முகம் மலர்ந்துவிட்டது. வார்டுக்கு மாற்றலாமா என்று கேட்டோம். அங்கிருந்த இளம் டாக்டர் பொறுமையாக, "சார், முதலில் பம்ப்பில் இருக்கும் எண்ணைப் பாருங்கள், பிறகு பி.பி.யைப் பாருங்கள்" என்றார். எனக்குச் சட்டென்று புரிந்தது. ஓவர்டிராஃப்ட் கணக்கில் செக் பாஸ் ஆவதை வைத்து அவரிடம் பணம் இருக்கிறது என்று சொல்ல முடியுமா? பம்ப்பின் எண் இறங்க இறங்க பி.பி. நிலைத்து நின்றால்தான் அது அவருடைய சொந்தப் பணம். படிப்படியாகக் குறைத்து ஆறாம் நாள் நிறுத்தினார்கள். வீட்டுக்கு வந்தார். பதினான்கு மாதம் மாத்திரைகளோடு நன்றாகவே இருந்தார். பேத்தியின் பள்ளி ஆண்டு விழாவுக்கு முன் வரிசையில் உட்கார்ந்திருந்தார்.

இரண்டாம் முறை சேர்த்தபோது மூன்று பம்ப் ஓடியது. குறைக்க முயன்ற போதெல்லாம் பி.பி. விழுந்தது, சிறுநீர் நின்றது. எட்டாம் நாள் பெரிய டாக்டர் எங்களை உட்கார வைத்து, இது இனி எதற்கும் பாலம் இல்லை என்று சொன்னார். மாற்று இதயத்துக்கும் அவர் உடல் ஏற்றதாக இல்லை. வென்டிலேட்டர், டயாலிசிஸ் என்று மேலே போகலாம், அல்லது இதோடு நிறுத்தி அவரை வலியில்லாமல் வைத்துக்கொள்ளலாம் என்றார். மைத்துனர் முன்பே தன் மனைவியிடம், மிஷினில் கிடக்க விருப்பமில்லை என்று சொல்லி வைத்திருந்தார். அந்த ஒரு பேச்சு எங்களைக் காப்பாற்றியது. மேலே எதையும் சேர்க்க வேண்டாம் என்று முடிவெடுத்தோம். கடைசி இரண்டு நாள் அவர் நினைவோடு இருந்தார். எல்லோரிடமும் பேசினார், மகனிடம் லாக்கர் சாவி எங்கே என்றுகூடச் சொன்னார். அந்த இரண்டு நாளையும் அந்த மருந்துதான் கொடுத்தது. அதை நான் நன்றியோடுதான் நினைக்கிறேன்.

ஆகவே ஐ.சி.யு. வாசலில் கேட்க வேண்டிய கேள்விகள் நான்கு. காகிதத்தில் எழுதிக்கொள்ளுங்கள்.

ஒன்று: இந்த மருந்து எதற்குப் பாலம்? ஸ்டென்ட் வைத்தபின் அல்லது பைபாஸுக்குப் பின் இதயம் தானே தேறுவதற்கா, தொற்று அடங்குவதற்கா, மாற்று இதயத்துக்குக் காத்திருப்பதற்கா?

இரண்டு: நேற்றைக்கு இன்று அளவு கூடியிருக்கிறதா, குறைந்திருக்கிறதா?

மூன்று: பி.பி. தவிர மற்றவை எப்படி? சிறுநீர் வருகிறதா, கிரியேட்டினின், லாக்டேட் எப்படி, கைகால் சூடாக இருக்கிறதா, ஆளைத் தெரிகிறதா? ரத்தம் உறுப்புகளுக்குப் போகிறதா என்பதை இவைதான் காட்டும்.

நான்கு: குறைக்க முடியாமல் போனால் அடுத்தது என்ன? கேட்கக் கஷ்டமான கேள்விதான். ஆனால் இரவு இரண்டு மணிக்குப் போனில் கேட்பதைவிட, பகலில் உட்கார்ந்து கேட்பது நல்லது.

வீட்டில் செய்ய வேண்டியதும் உண்டு. இதயச் செயலிழப்பு உள்ளவர்கள் தினமும் காலையில், சிறுநீர் கழித்தபின், சாப்பிடும் முன் எடை பாருங்கள். இரண்டு மூன்று நாளில் 2 கிலோ ஏறினால் அது சதை இல்லை, நீர். அன்றைக்கே டாக்டரிடம் சொன்னால் பல நேரம் மாத்திரை அளவை மாற்றியே சமாளித்துவிடலாம், ஐ.சி.யு. வரை போக வேண்டாம். ஊறுகாய், அப்பளம், வடகம், கருவாடு எல்லாம் உப்புச் சுரங்கம். மூட்டு வலிக்கு நாமே கடையில் வாங்கிப் போடும் டைக்ளோஃபினாக், இபுபுரூஃபன் போன்றவை உடம்பில் நீரைத் தேக்கி இதயச் செயலிழப்பை மோசமாக்கும். சாப்பிடும் மருந்துகளின் பெயர், அளவு, கடைசி எக்கோ தேதி, ஈ.எஃப். எண் இவற்றை ஒரு பக்கத்தில் எழுதி ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டி வையுங்கள். 108 ஆம்புலன்ஸ் வரும்போது பிள்ளைகள் வெளியூரில் இருந்தாலும், பக்கத்து வீட்டுக்காரர் அதைக் கிழித்துக் கையில் கொடுத்துவிட முடியும்.

கடைசியாக ஒன்று. நமக்கு எது வேண்டும், எது வேண்டாம் என்பதை நினைவு தெளிவாக இருக்கும்போதே வீட்டில் பேசிவிடுங்கள். நாமினேஷன் படிவத்தைப் பூர்த்தி செய்யாமல் விட்டால் பிள்ளைகள் எவ்வளவு அலைகிறார்கள் என்பதைக் கவுண்டருக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து நிறையப் பார்த்திருக்கிறேன். இதுவும் ஒரு நாமினேஷன்தான். காபி குடிக்கும்போது பத்து நிமிடம் போதும்.